போனுக்குள் உடைந்த அம்மன்

அன்றைக்கு அம்மன் கோயில் முன்னால் இருந்தவர்களைச் சொல்கிறேன்.

ஒன்று, மளிகைக்கடை அண்ணாச்சி. கோயில் கமிட்டித் தலைவர். அவருக்கு மட்டும் பிளாஸ்டிக் நாற்காலி.

இரண்டு, பூசாரி. காலையும் மாலையும் பூசை. நடுவில் சயான் ஆஸ்பத்திரிப் பக்கம் ஆட்டோ ஓட்டுவார். வேட்டிக்கு மேல் காக்கிச் சட்டையோடு வந்திருந்தார்.

மூன்று, இட்லிக்கார அக்கா. எங்கள் பக்கத்து வீடு. யாரும் கூப்பிடவில்லை. பஞ்சாயத்து என்று காதில் விழுந்ததும் கிரைண்டரை நிறுத்திவிட்டு வந்தாள். முழங்கை வரை மாவு.

நான்கு, என் மனைவி.

ஐந்து, அவள் இடுப்பில் எங்கள் மகள். ஒரு வயது ஆகப்போகிறது. பல் முளைக்கிற காலம். கையில் கிடைத்ததைக் கடிப்பாள். இவளை ஒரு ஆளாக எண்ணலாமா தெரியவில்லை. பேச்சு இவளைப் பற்றி என்பதால் எண்ணிவிட்டேன்.

ஆறு, மைத்துனன். மனைவியின் தம்பி. தலை குனிந்து நின்றான்.

ஏழு, நான்.

நடுவில் ஒரு மணைப்பலகை. அதன் மேல் மனைவியின் போன்.

வழக்கு இதுதான். என் மனைவியின் ஊரில் இருந்த அம்மன் சிலையை என் மைத்துனன் உடைத்துவிட்டான். ஊர் என்றால் போனுக்குள் இருக்கிற ஊர். விளையாட்டு. வீட்டில் நான் அந்த வார்த்தையைச் சொல்லமாட்டேன். சொன்னால் அன்றைக்குக் குழம்பில் உப்பு இருக்காது.

போனோடு நின்றிருந்தால் பஞ்சாயத்து வந்திருக்காது. மகளுக்குக் காதுகுத்து வைத்திருந்தோம். பஞ்சாயத்து நடந்த ஞாயிற்றுக்கிழமையிலிருந்து பத்தாம் நாள், புதன்கிழமை. எங்கள் வழக்கத்தில் பிள்ளை தாய்மாமன் மடியில் உட்கார வேண்டும். உட்கார்ந்த பிறகுதான் ஆசாரி ஊசியை எடுப்பார். இவளுக்குத் தாய்மாமன் ஒருத்தன்தான். என் மாமனார் மாமியார் இல்லை. தம்பியை வளர்த்ததே அக்காதான். பிள்ளை பிறந்த வாரமே அவன் போய்த் தோடு எடுத்து வைத்துவிட்டான். அன்றிலிருந்து பார்க்கிறவர்களிடம் எல்லாம் ஒரே பேச்சு. “என் மடியிலதான் காது குத்துவாங்க.” எங்கள் கார்கானாவில், நானும் அவனும் வேலை பார்க்கிற தோல் பட்டறையில், இருக்கிற பீகார்க்காரர்களுக்குக்கூட அந்தத் தோட்டின் டிசைன் தெரியும்.

சிலை உடைந்த அன்று மனைவி சொல்லிவிட்டாள்.

“அம்மன உடைச்ச கை என் பிள்ளையத் தொடக்கூடாது.”

அதனால் பஞ்சாயத்து.

அந்த ஊரை அவளுக்குக் கொடுத்ததே அவன்தான். பிரசவம் முடிந்து வீட்டில் இருந்தாள். எங்கள் வீடு பத்துக்குப் பன்னிரண்டு. கோலி என்று இங்கே சொல்வார்கள், ஒரே அறை. அதிலேயே அடுப்பு, பீரோ, தொட்டில். ஜன்னலைத் திறந்தால் எதிர்வீட்டுச் சுவர். கையை நீட்டித் தொடலாம். பிள்ளை அழுதது. தூங்கியது. மறுபடி அழுதது. இவளும் அழுதாள். என்ன என்று கேட்டேன். ஒன்றுமில்லை என்றாள். அதற்கு மேல் எனக்குக் கேட்கத் தெரியவில்லை. நான் தோல் வெட்டுகிறவன். கையில் கத்தி இருக்கும்போது பேசக்கூடாது. பேசாமலே பழகிவிட்டது.

அவனுக்குக் கேட்கத் தெரிந்தது. போனை வாங்கி இதைப் போட்டுக் கொடுத்தான்.

“சும்மா டைம்பாஸ்க்கா. பிள்ள தூங்கும்போது பாரு.”

முதலில் வெறும் புல்தரை. பிறகு ஒரு குடிசை. பிறகு கிணறு. அங்கே தண்ணீருக்குக் குடத்தோடு நிற்க வேண்டாம். கோதுமை விதைத்தாள். ஆடு வாங்கினாள். மதில் கட்டினாள். நான் ராத்திரி சாப்பிடும்போது ஊர் சமாச்சாரம் வரும். “வெள்ளாடு ரெண்டு குட்டி போட்டிருக்கு.” சரி என்பேன். “மதிலுக்குக் கல்லு பத்தல.” சரி என்பேன். நிஜத்தில் எங்கள் கதவில் சர்வேக்காரர்கள் பெயிண்டில் நம்பர் எழுதிவிட்டுப் போயிருக்கிறார்கள். இடிப்பார்களாம். கட்டித் தருவார்களாம். எப்போது என்று கேட்டால் ஆளுக்கு ஒரு பதில். அவள் ஊரில் யாரும் வந்து நம்பர் எழுதவில்லை. அழுகையும் நின்றுவிட்டது. எனக்கு ஆட்டின் மேல் ஒரு மரியாதை வந்தது.

சிலை பிறகுதான் வந்தது. அந்த ஊருக்குள் ஒரு கடை உண்டு. அதில் பொம்மை விற்கிறான். பெண் உருவம். தலையில் கொம்பு மாதிரி இரண்டு. கையில் பாம்போ கயிறோ. கீழே இங்கிலீஷில் என்னமோ எழுதியிருந்தது. எங்களுக்குப் படிக்கத் தெரியாது. படிக்கத் தெரிந்திருந்தால் வம்பு. இவள் பார்த்ததும் அம்மன் என்றாள். கொம்பைக் கிரீடம் என்றாள். கல் சேர்த்து வாங்கி, ஊருக்குக் கிழக்கே வைத்தாள். பக்கத்தில் ஒரு மரம் நட்டாள். வேம்பு என்றாள். நான் ஒன்றும் சொல்லவில்லை. வேம்பில் சிவப்பாக ஆப்பிள் மாதிரி காய்த்தபோதும் சொல்லவில்லை.

அதற்குப் பிறகு சட்டம் வந்தது. வெள்ளிக்கிழமை ஆடு விற்கமாட்டாள். குளிக்காமல் அந்தப் பக்கம் விரலைக் கொண்டுபோகமாட்டாள். மாதத்தில் மூன்று நாள் கிழக்குப் பக்கமே போகமாட்டாள், மேற்கில் மட்டும் கோதுமை அறுப்பாள். ஊருக்குள் விளக்கு வைக்க ஒரு கம்பம் இருந்தது. அதைச் சிலைக்கு முன்னால் வைத்து, வெள்ளி தோறும் தொட்டு ஏற்றுவாள். செய்தவன் எந்த நாட்டுக்காரனோ. அவன் பொம்மைக்கு ஆடி வெள்ளி தெரிந்துவிட்டது.

அங்கே இருந்தும் இங்கே வந்தது. நான் ராத்திரி படுக்கப் போனால், “கவசம் போட்டீங்களா?” என்பாள். கதவுத் தாழ்ப்பாளைச் சொல்கிறாள். குழாயடியில் ஒருத்தி வரிசை தாண்டினால் முன்பு வசவு. இப்போது, “நம்ம ஊர அடிக்க வாரா, மதில அடைங்கடி” என்கிறார்கள். ஐந்து பெண்கள் சேர்ந்து ஒரு கூட்டம் வைத்திருந்தார்கள். கூட்டத்தில் ஒருத்தருக்கு ஒருத்தர் கல், தானியம் அனுப்பலாம். தலைவி இட்லிக்கார அக்கா. நிஜத்தில் அவளிடம் அரைக் கப் சர்க்கரை கேட்டால் இப்போதுதான் தீர்ந்தது என்பாள். போனில் கேட்டால் பத்து மூட்டை கோதுமை வந்து இறங்கும்.

ஊர் என்றால் கொள்ளையும் உண்டு. சொந்தக்காரர் ஊரைத் திறக்காமல் இருந்தால் காவல் கலைந்துவிடும். அப்போது வேறு கூட்டத்து ஆள் வந்து அடிக்கலாம். கல்லையும் தானியத்தையும் அள்ளிக்கொண்டு போகலாம். அதுதான் அந்த விளையாட்டின் சட்டம். மைத்துனன் கார்கானாப் பையன்களோடு வேறு கூட்டத்தில் இருந்தான்.

பிள்ளைக்குக் காய்ச்சல் வந்தது. இவள் போனைத் தொடவில்லை. காய்ச்சல் இறங்கின பிறகு ஊரைத் திறந்தாள். மதில் விழுந்து கிடந்தது. களஞ்சியம் காலி. மரம் நின்றது. சிலை இருந்த இடத்தில் நாலு கல்லும் கொஞ்சம் புகையும். கீழே அடித்தவன் பேர் வந்தது. தம்பி பேர்.

அவனுக்குத் தினம் மத்தியானம் எங்கள் வீட்டில்தான் சாப்பாடு. அன்றைக்கும் கையை வேட்டியில் துடைத்துக்கொண்டே வந்தான். தட்டு வைக்கவில்லை.

“வாசல்லயே நில்லு,” என்றாள்.

“என்னக்கா?”

“மதில் தாண்டி உள்ள வராத. ஒனக்கு இங்க காவல் போட்டாச்சு.”

அவனுக்குப் புரிய கொஞ்ச நேரம் ஆனது. புரிந்ததும் சிரித்தான். சிரித்திருக்கக்கூடாது.

மறுநாள் என் டப்பா கனத்தது. கார்கானாவில் திறந்தேன். இரண்டு ஆள் சோறு. அவித்த முட்டை இரண்டு. எனக்கு முட்டை பிடிக்காது. அவளுக்குத் தெரியும். மைத்துனன் எனக்கு எதிரே உட்கார்ந்து பசை தடவுகிறவன். அவன் பக்கம் தள்ளினேன்.

“அக்கா குடுத்தாளா, அத்தான்?”

“இல்ல.”

தின்றான்.

தினமும் முட்டை வந்தது. பேச்சு வரவில்லை. காதுகுத்து நெருங்கியது. நான்தான் அண்ணாச்சியிடம் போய்ச் சொன்னேன். அவர் முழுக்கக் கேட்டுவிட்டு, “போன்ல?” என்றார். “போன்ல,” என்றேன். கொஞ்சநேரம் பருப்பை அளந்தார். “ஞாயித்துக்கிழம வாங்க,” என்றார்.

ஞாயிறு வந்தது. அண்ணாச்சி ஆரம்பித்தார்.

“ஏல, உள்ளதச் சொல்லு. நீ அடிச்சியா?”

“அடிச்சேன், அண்ணாச்சி.”

“சொந்த அக்கா ஊரயா?”

“காவல் போயிருச்சு. தெறந்து கெடந்துச்சு. நான் அடிக்கலன்னா வேற எவனாவது அடிப்பான். தானியம் பூரா வெளிய போயிரும். நான் அடிச்சா குடும்பத்துக்குள்ளயே இருக்கும்லா?”

அண்ணாச்சி வியாபாரி. தலையை ஆட்டினார். பிறகு என் மனைவி முகத்தைப் பார்த்து ஆட்டுவதை நிறுத்தினார்.

“தானியம் போகட்டும்,” என்றாள் மனைவி. “கோதும திரும்ப வெளையும். அம்மன எதுக்கு உடைச்ச?”

“நான் உடைக்கலக்கா. கல்லு எறியுத வண்டி இருக்குல்லா, அது பக்கத்துல எது இருக்கோ அதத்தான் அடிக்கும். நாம சொல்லுதத கேக்காது.”

“வண்டிய எறக்குனது யாரு?”

“நான்தான்.”

“மதிலுக்கு நாலு பக்கம் இருக்கு. அம்மன் இருக்கற பக்கம் எதுக்கு எறக்குன?”

மைத்துனன் தன் காலைப் பார்த்தான். பூசாரி தொண்டையைக் கனைத்தார்.

“அப்ப நீ கால்ல செருப்பு போட்டிருந்தியா?”

“கார்கானால இருந்தேன், பூசாரியய்யா. போட்டுத்தான் இருந்தேன்.”

பூசாரி கண்ணை மூடினார். “செருப்புக் காலோட.”

“அவன் வெரலால உடைச்சான்,” என்றாள் இட்லிக்கார அக்கா. “கால எதுக்குக் கேக்கீரு?”

“நீ சும்மா இரு. ஒண்ணு கேக்கேன். அந்தச் செலைக்குக் கும்பாபிசேகம் ஆச்சா?”

மனைவி முழித்தாள்.

“கும்பாபிசேகம் ஆகல்லன்னா அதுல சாமி எறங்காது. வெறும் கல்லு. அதுவும் கல்லுகூட இல்ல, வெளிச்சம். வெளிச்சத்த ஒடச்சான்னு வழக்கு நிக்காது, அண்ணாச்சி.”

மைத்துனன் முதல் தடவையாக நிமிர்ந்தான். அண்ணாச்சிக்கும் நிம்மதி. கடைக்குப் போகலாம். மனைவியின் உதடு உள்ளே போனது. எனக்கு அது தெரியும். பிரசவத்துக்குப் பிறகு அழுதபோது அப்படித்தான் போகும்.

இட்லிக்கார அக்கா மாவுக் கையை முந்தானையில் துடைத்தாள்.

“இந்த அம்மனுக்கு யாரு மொதல்ல கும்பாபிசேகம் பண்ணுனா, பூசாரி?”

“இது வேற.”

“என்ன வேற? எங்கம்ம சொல்லுவா. இங்க அண்ணாச்சியோட அய்யா கடச் செவரு இருந்துச்சு. வாரவன் போறவன் எல்லாம் அதுலதான் ஒதுங்குவான். நாத்தம் தாங்காம அவரு ஒரு கல்ல நட்டு மஞ்சத் தேச்சு வச்சாரு. மறுநா எங்கம்ம ஒரு பூ வச்சா. அதுக்கு மறுநா இன்னொருத்தி வெளக்கு வச்சா. அப்புறம்தான் கூர, ஓடு, டைல்ஸு, பூசாரியா நீரு. என்ன அண்ணாச்சி, நான் சொல்லுதது தப்பா?”

அண்ணாச்சி நாற்காலியில் நகர்ந்து உட்கார்ந்தார். பூசாரி திரும்பி அம்மனைப் பார்த்தார். வெள்ளிக் கண், எலுமிச்சை மாலை, பின்னால் சுற்றுகிற பல்பு. அம்மன் ஒன்றும் சொல்லவில்லை. மகள் போனை எடுக்கக் குனிந்தாள். மனைவி இழுத்துக்கொண்டாள்.

“எங்கய்யா நட்ட கல்லுதான்,” என்றார் அண்ணாச்சி. குரல் இறங்கியிருந்தது. “சரி. போன்ல இருக்கறதயும் சாமின்னே வச்சுக்கிடுவோம்.”

“வச்சுக்கிடுவோம் என்ன,” என்றாள் அக்கா. “வச்சாச்சு.”

சாமி என்று ஆனதும் வழக்கு கனத்துவிட்டது. அண்ணாச்சி சுலபமான வழி ஒன்று பார்த்தார். எங்கள் தெருவில் எந்தச் சண்டையும் கடைசியில் சூடத்தில்தான் முடியும். எரிகிற சூடத்தைக் கையால் அணைத்துச் சத்தியம் செய்தால் அதற்கு மேல் யாரும் கேட்கக்கூடாது. பொய்ச் சத்தியம் செய்தால் அம்மன் பார்த்துக்கொள்வாள்.

“ஏல, இங்க வா. தெரியாம உடைஞ்சதுன்னு சூடத்த அணச்சு ஒரு சத்தியம் பண்ணு. அதோட முடிஞ்சுது. ஒங்கக்காளும் ஒண்ணும் சொல்லமாட்டா. என்ன தாயி?”

மனைவி தலையை ஆட்டினாள். அவளுக்கும் முடிந்தால் போதும் என்றுதான் இருந்தது.

பூசாரி தட்டில் சூடம் ஏற்றினார். மைத்துனன் முன்னால் வந்தான். செருப்பைக் கழற்றினான். கையை நீட்டினான். கை சூடத்துக்கு மேல் நின்றது. அங்கேயே நின்றது. எடுத்துக்கொண்டான்.

“தெரிஞ்சுதான் உடைச்சேன், அண்ணாச்சி.”

“என்னல சொல்லுத?”

“மத்ததுக்கு ஒரு ஸ்டார். செலைக்கு மூணு ஸ்டார். அதான் அந்தப் பக்கம் எறக்குனேன்.”

சூடம் தானே எரிந்து அணைந்தது. போனில் இருந்த அம்மனை மூன்று நட்சத்திரத்துக்கு உடைத்தவன், டைல்ஸில் இருக்கிற அம்மன் முன்னால் ஒரு சின்னப் பொய் சொல்ல மாட்டேன் என்கிறான். சொல்லியிருந்தால் மடி கிடைத்திருக்கும். இவனைத் திட்டுவதா தட்டிக்கொடுப்பதா என்று அண்ணாச்சிக்குத் தெரியவில்லை. மனைவி பிள்ளையை இந்த இடுப்பிலிருந்து அந்த இடுப்புக்கு மாற்றினாள்.

“கூறுகெட்ட பய,” என்றாள். ஆனால் மெதுவாகச் சொன்னாள்.

தண்டனை சொல்ல வேண்டும். கோயிலுக்கு எண்ணெய் வாங்கித் தருவதுதான் வழக்கம். இட்லிக்கார அக்கா ஒத்துக்கொள்ளவில்லை. எந்தக் கோயிலை உடைத்தானோ அந்தக் கோயிலைக் கட்ட வேண்டும் என்றாள். அதில் ஒரு சிக்கல். கல் அனுப்ப வேண்டுமென்றால் ஒரே கூட்டத்தில் இருக்க வேண்டும்.

“அப்ப ஒங்க கூட்டத்துல சேத்துக்கோ,” என்றார் அண்ணாச்சி.

“எங்க கூட்டத்துல ஆம்பள கெடயாது.”

“இப்ப ஒண்ணு இருக்கட்டும்.”

இட்லிக்கார அக்கா மைத்துனனை மேலும் கீழும் பார்த்தாள். “மதில் காக்க ஆள் வேணும்தான்.”

“அண்ணாச்சி, காசு கட்டுனா ஒடனே கட்டிரலாம். கடையில கல்லு விக்கான்,” என்றான் மைத்துனன்.

“காசு குடுத்து முடிக்கறதுக்குப் பேரு தண்டனையால? நீயே வெட்டி எடு.”

கடைசியாக மனைவி சொன்னாள். “காதுகுத்துக்கு முன்னால செல எழும்பணும். எழும்புனா மாமன் மடி. எழும்பலன்னா இவுக மடி.”

என்னைக் காட்டினாள். என் மடியை அதுவரை யாரும் கேட்டதில்லை.

அன்று சாயங்காலமே அவன் பழைய கூட்டத்தை விட்டான். மறுநாள் காலை கார்கானாவுக்குள் நுழைந்ததும் பீகார்ப் பையன்கள் எழுந்து சல்யூட் அடித்தார்கள்.

“அரே, தீதி கா ஃபௌஜி ஆ கயா!”

அக்கா பட்டாளத்துச் சிப்பாய் வந்துவிட்டான் என்று அர்த்தம். அன்றிலிருந்து பசை டப்பா வேண்டுமென்றாலும் “ஃபௌஜி” என்றுதான் கூப்பிட்டார்கள்.

போனுக்குள் அவன் ஊரில் ஒரு குவாரி உண்டு. அங்கே ஆள் வைத்துக் கல் வெட்ட வேண்டும். மெதுவாகத்தான் வரும். வெட்டியதைத் தன் அக்கா ஊருக்கு அனுப்புவான். சிலை பாதத்திலிருந்து எழும்பும். இட்லிக்கார அக்காவுக்கு ஒரு ஆண்பிள்ளையை வேலை வாங்குகிற சந்தோஷம். விடிவதற்கு முன்னால் இட்லி வேகிற நேரத்திலேயே போன் போடுவாள். சுவருக்கு இந்தப் பக்கம் எனக்குக் கேட்கும்.

“ஏல தம்பி, எந்திரி. வடக்கு மதில்ல ஓட்ட. என்னது, தூக்கமா? பட்டாளத்துல தூக்கம் ஏது?”

அவன் ஒன்று செய்தான். யாரும் செய்யச் சொல்லவில்லை. ஊரைத் திறப்பதற்கு முன்னால் செருப்பைக் கழற்றினான். கார்கானாவில் தோல் துண்டுகளுக்கு நடுவில் வெறுங்காலோடு உட்கார்ந்தான்.

“ஆணி குத்தும்,” என்றேன்.

“பரவால்ல, அத்தான்.”

குத்தியது. நொண்டிக்கொண்டு கல் அனுப்பினான்.

இரண்டு நாளில் தெரு முழுக்க விஷயம் பரவிவிட்டது. அண்ணாச்சி கடையில் சாமான் வாங்க வருகிறவர்கள் கேட்டார்கள். “எது வரைக்கும் வந்திருக்கு?” முழங்கால் வரை என்றார் அண்ணாச்சி. அவர் போனிலும் அதை ஏற்றிவிட்டார்கள் போல. பூசாரி ஆட்டோவை ஓரம் நிறுத்திவிட்டு எங்கள் வாசலுக்கு வந்தார். “காட்டு பாப்போம்.” இடுப்பு வரை வந்திருந்தது. உற்றுப் பார்த்தார்.

“பாம்பு வலது கையில இருக்கு. எடது கையில இருக்கணும்.”

“மாத்த முடியாது, பூசாரியய்யா,” என்றாள் மனைவி.

“சரி, வெளிநாட்டுல அப்படி போல.” சட்டைப்பையிலிருந்து திருநீறு எடுத்தார். போனுக்குப் பூசப் போனவர் கண்ணாடி கெட்டுவிடும் என்று கவருக்குப் பின்னால் பூசினார். அங்கே ஏற்கெனவே மகள் கடித்த தடம் இருந்தது.

நெஞ்சு வரை எழும்பினபோது அடி விழுந்தது. கார்கானாக் கூட்டம் மைத்துனன் ஊருக்குள் புகுந்துவிட்டது. அவன் பசை தடவிக்கொண்டிருந்தான். எதிரே உட்கார்ந்தபடியே மூன்று பேர் சேர்ந்து அவன் குவாரியை உடைத்து, வெட்டி வைத்த கல்லை எல்லாம் அள்ளிக்கொண்டு போனார்கள். போன வாரம் வரை ஒரே தட்டில் தின்றவர்கள். அவன் போனைப் பார்த்தான். அவர்களைப் பார்த்தான்.

“கேம் ஹை, பாய்,” என்றான் ஒருத்தன். விளையாட்டுதானே, தம்பி.

அவன் வாயைத் திறந்தான். மூடிக்கொண்டான். அன்றைக்கு எங்கள் வாசலில் நின்று அவன் சிரித்தபோது அக்காவிடம் சொல்ல நினைத்த வார்த்தையும் அதுதான். திரும்பவும் முதலிலிருந்து கல் வெட்டினான்.

புதன்கிழமை வந்தது. மாட்டுங்காவிலிருந்து பூவும் வாழை இலையும் நானே போய் வாங்கி வந்தேன். ஆண்டாப் ஹில்லிலிருந்து ஆசாரி வந்தார். கோயில் முன்னால் பாய் விரித்திருந்தோம். பஞ்சாயத்தில் இருந்தவர்கள் எல்லாரும் இருந்தார்கள். அண்ணாச்சிக்கு அதே நாற்காலி. இட்லிக்கார அக்கா குளித்துப் பட்டுச்சேலை கட்டியிருந்தாள். முழங்கையில் மட்டும் மாவு.

மைத்துனன் புதுச் சட்டை போட்டு, சீர்த்தட்டோடு வந்தான். பழம், பட்டுப் பாவாடை, தோடு. பாய்க்கு வெளியே நின்றுகொண்டான். பீகார்ப் பையன்களும் பின்னால் வந்து நின்றார்கள். அவர்கள் தட்டில் ஒரு பெரிய ஸ்வீட் பாக்ஸ். கொள்ளையடித்தவர்களுக்கும் வெட்கம் உண்டு.

“செல?” என்றார் அண்ணாச்சி.

மனைவி போனைத் திறந்தாள். எல்லாரும் எட்டிப் பார்த்தார்கள். பாதம் இருந்தது. இடுப்பு இருந்தது. கை இரண்டும், பாம்பும் இருந்தன. கழுத்தோடு நின்றிருந்தது. மேலே சாரம் கட்டி, ஒரு குட்டி ஆள் சுத்தியலால் தட்டிக்கொண்டே இருந்தான்.

“எப்ப முடியும்?” என்றார் பூசாரி.

“பொழுசாய ஆகும்,” என்றான் மைத்துனன். “கல்லு பூரா குடுத்தாச்சு. இனி அவன் கட்டணும். கல்லு போகலன்னா நேத்தே முடிஞ்சிருக்கும்.”

பின்னால் பீகார்ப் பையன்கள் கோயில் மணியைப் பார்த்தார்கள்.

“நல்ல நேரம் போயிட்டிருக்கு,” என்றார் ஆசாரி. ஊசியைத் துடைத்தார். “யாரு மடி? சீக்கிரம் சொல்லுங்க.”

மனைவி போனைப் பார்த்தாள். தம்பியைப் பார்த்தாள். சொன்னது சொன்னதுதான் என்று அவள் நின்றாள். அவளுக்கே அது பிடிக்கவில்லை என்று எனக்குத் தெரிந்தது. ஆனால் எல்லார் முன்னாலும், அம்மன் முன்னால் சொன்னது. அவன் தட்டைக் கீழே வைக்கக் குனிந்தான். என்னைப் பார்த்து, “நீங்க உக்காருங்க, அத்தான்,” என்றான்.

நான் உட்காரவில்லை.

“நம்ம குலசாமிக்குத் தலையா இருக்கு?” என்றேன். “வெறும் பீடம்தான்.”

உண்மைதான். திருநெல்வேலிப் பக்கம் எங்கள் குலசாமி செங்கல்லும் சுண்ணாம்பும். தலை இல்லை. கை இல்லை. பாம்பும் இல்லை. அதற்குத்தான் கிடா வெட்டுகிறோம்.

எல்லாரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள்.

“இவரு பேசுவாரா?” என்றாள் இட்லிக்கார அக்கா.

பூசாரி யோசித்தார். “சாஸ்திரப்படி தப்பில்ல,” என்றார். எந்தச் சாஸ்திரம் என்று யாரும் கேட்கவில்லை.

மனைவி போனை மணைப்பலகையில் வைத்தாள். தம்பியிடம் போனாள்.

“உக்காரு.”

உட்கார்ந்தான். பிள்ளையை அவன் மடியில் வைத்தாள்.

“சாயங்காலம் தல வரணும்.”

“வரும்க்கா.”

ஆசாரி மஞ்சள் வைத்துக் குறி பார்த்தார். மைத்துனன் வலது கையால் பிள்ளையின் தாடையைப் பிடித்துக்கொண்டான். விளையாடுகிற கை. வண்டியை இறக்கின கை. ஊசி போனது. மகள் கத்தினாள். கத்திய வாயால் அந்தக் கையைக் கவ்விக்கொண்டாள்.

அவன் கையை எடுக்கவில்லை. கண்ணில் தண்ணீர் வந்தது. மறு காதும் குத்தி, தோடு மாட்டி முடிக்கும்வரை அவளும் விடவில்லை.

“அம்மன் தண்டம் வாங்கிட்டா,” என்றார் பூசாரி.

“அம்மன் எதுக்கு வாங்குதா? பிள்ளைக்குப் பசி,” என்றாள் இட்லிக்கார அக்கா.

மனைவி சிரித்தாள். அதை நான் பார்த்து ரொம்ப நாள் ஆகியிருந்தது. போனில் அந்தக் குட்டி ஆள் இன்னும் தட்டிக்கொண்டிருந்தான்.

பந்தியில் மைத்துனன் என் பக்கத்தில் உட்கார்ந்தான். சாம்பார் எரிகிறது என்று கையை உதறினான். மனைவி வந்து இலை ஓரத்தில் ஒரு ஸ்பூனை வைத்துவிட்டுப் போனாள். இலையில் முட்டை இரண்டு இருந்தது. எனக்கு வைக்கவில்லை.

“பாருங்க, அத்தான்,” என்று கையை நீட்டினான். பெருவிரலுக்குக் கீழே சிவந்திருந்தது. பல் பதிந்த இடம் தனித்தனியாகத் தெரிந்தது. இத்தனை முளைத்திருக்கிறது என்று அதுவரை நான் கவனிக்கவில்லை. எண்ணினேன்.

ஆறு.